அணில் கோதின பழம்

கிளினிக் நாளில் வாங்கிலில் நெருக்கி இருந்துகொண்டு, முன்னுக்கு நிறுக்கிற பிள்ளையின் எடையையும் தன் பிள்ளையின் எடையையும் மனதுக்குள் ஒப்பிட்டுப் பார்க்கிற தாய்மாருக்காக இதை எழுதுகிறேன். நானும் உங்களில் ஒருத்திதான். "கீரை குடுங்கோ, மஞ்சள் பழம் குடுங்கோ, ஒரு நாளும் மரக்கறி இல்லாமல் சோறு குடுக்காதேங்கோ" என்று தாதி மிஸி சொல்லும்போது எல்லோரும் தலையாட்டுகிறோம். வீட்டுக்குப் போனதும் பாதிப்பேர் மறந்துவிடுகிறோம். மறக்காத பாதிப்பேருக்கு வேறு கவலை. பப்பாப்பழம் சூடோ, வல்லாரை குளிரோ, இந்த வயதுக்குப் பாகற்காய் ஆகுமோ என்று. நான் அந்த இரண்டாவது கூட்டம். என் மகளுக்கு இரண்டு வயது. அவளுக்கு இரண்டு கரண்டி கீரை தீத்திவிட்டு, கூடிவிட்டதோ குறைந்துவிட்டதோ என்று பொழுதுபடும் வரை யோசிக்கிறவள்.

போன மாதம் உங்களில் ஒருவர் என்னைக் கேட்டீர்கள்: "என்னப்பா, கீரை எண்டால் மட்டும் உம்மடை தலை உந்த ஆட்டம் ஆடுது?" எல்லோரும் சிரித்தீர்கள். நானும் சிரித்தேன். அந்தச் சிரிப்போடு விட்டிருக்கலாம். ஆனால் இந்த மாதம் எங்கள் ஒழுங்கையில், இந்தச் சின்னத் தெருவில், ஒன்று நடந்தது. அதற்குப் பிறகு பேசாமல் இருக்கிறது சரியாகப்படவில்லை.

எனக்கு ஒன்பது வயது, தம்பிக்கு நாலு வயது இருக்கும்போது பங்குனி வெயிலோடு சின்னமுத்து அம்மை நோய் ஊருக்குள் வந்தது. எந்தெந்த வீட்டு வாசல் படலையில் வேப்பிலை தொங்குகிறது என்று பார்த்துக்கொண்டே பள்ளிக்கூடம் போய்வருவோம். ஒருநாள் திரும்பி வரும்போது எங்கள் படலையிலும் தொங்கியது. தம்பி பாயில் கிடந்தான். உடம்பு முழுக்கச் சிவந்து, கண்ணில் பீளை கட்டி, மூச்சு இழுக்கும்போது நெஞ்சுக்குள் ஓலை உரசுகிற மாதிரிச் சத்தம். மூன்றாம் நாள் அவனுக்கு அம்மாவையே அடையாளம் தெரியவில்லை.

அம்மா எழும்பி முற்றத்துக்குப் போனார். கோவில் இருக்கும் பக்கம் திரும்பி இரண்டு கையையும் தலைக்கு மேலே தூக்கினார்.

"முருகா, பிள்ளையைத் தா. தேர் முடியும் மட்டும் இந்த வளவிலை காய்க்கிறது, பழுக்கிறது, துளிர்க்கிறது எல்லாம் உனக்கு. எங்கடை வாயிலை ஒண்டும் படாது."

தேர் ஆனியில். மூன்று மாதம் இருந்தது.

நாலாம் நாள் காய்ச்சல் இறங்கியது. அம்மாவின் நேர்த்தி அன்றே தொடங்கிவிட்டது.

எங்கள் வளவைப் பற்றிச் சொன்னால்தான் அந்த நேர்த்தியின் கனம் உங்களுக்கு விளங்கும். கிணற்றடியில் இரண்டு பப்பாமரம். வேலி நீளத்துக்கு முருங்கையும் அகத்தியும். துலாவில் இறைக்கிற தண்ணீர் ஓடும் வாய்க்கால் ஓரம் பொன்னாங்காணி, வல்லாரை. மாட்டுக் கொட்டிலின் கூரையில் பூசணிக்கொடி. முற்றத்தில் கறுத்தக்கொழும்பான் மாமரம். அரிசி, பருப்பு, புளி, மிளகாய் மட்டும்தான் வெளியில் வாங்குவோம். மீன் எங்கள் வீட்டில் இல்லை. மற்றதெல்லாம் வளவு தந்ததுதான்.

இப்போது எல்லாவற்றையும் நான் ஓலைக் கடகத்தில் வைத்து விடியக் காலமை கோவிலுக்குக் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டுப் பள்ளிக்கூடம் போக வேண்டும். எங்கள் அடுப்பில் சோறும் பருப்பும் புளிச்சொதியும். மறுநாள் புளிச்சொதியும் பருப்பும்.

அப்பா ஒருநாள் சொல்லிப் பார்த்தார். "வளவிலை உள்ளதைத்தானே குடுத்தனீர்? சந்தையிலை ரெண்டு கத்தரிக்காய் வாங்கிக் கொண்டு வாறன்."

அம்மா அகப்பையை வைத்துவிட்டுத் திரும்பினார். "வளவிலை உள்ளதைச் சுவாமிக்குக் குடுத்திட்டுச் சந்தையிலை வாங்கித் தின்னிறதோ? இஞ்சேருங்கோ, உது ஆரை ஏய்க்கிற வேலை?"

அம்மா எட்டாம் வகுப்பு வரை படித்தவர். எதையும் அரைகுறையாகச் செய்யத் தெரியாது. பக்கத்து வீட்டு மாமி வேலிக்கு மேலால் முருங்கையிலை வறை ஒரு கோப்பை தந்தபோது, அதை அப்படியே மாட்டுக்குப் போட்டுவிட்டு, கோப்பையைக் கழுவி அதற்குள் சீனி வைத்துத் திருப்பிக் கொடுத்தார். மாமி சந்தேகத்தோடு கோப்பையை மணந்து பார்த்ததை நான் வேலி ஓட்டையால் பார்த்தேன். பிறகு அவர் ஒன்றும் தரவில்லை.

அப்பா காங்கேசன்துறைத் துறைமுகத்தில் கிளாக்கர். இணுவிலில் காலை ரயில் ஏறிப் போகிறவர். அந்த மூன்று மாதமும் அவர் ரயிலைத் தவறவிட்ட நாட்கள்தான் கூட. காரணம் சொல்ல வெட்கம். வளவின் பின்பக்கக் கக்கூசுக்குள் போனால் வரமாட்டார். ரயில் கூவுகிற சத்தம் கேட்கும். உள்ளே இருந்து ஒரு பெருமூச்சு கேட்கும்.

"அப்பா, ரயில் போட்டுது" என்று நான் கத்துவேன்.

"தெரியும் மோனை. எனக்குக் காது நல்லாய்த்தான் வேலை செய்யுது."

அப்போது சிரிப்பாக இருந்தது. இலையும் தோலும் நாரும் இல்லாமல் குடல் எப்படி வேலை செய்யும் என்று இப்போது மிஸி படம் போட்டுக் காட்டும்போது, எனக்கு அந்த ரயிலின் கூவல்தான் காதில் கேட்கிறது. அம்மாவின் உதட்டோரம் வெடித்திருந்தது. எனக்குப் பல் விளக்கினால் துப்பலில் இரத்தம் வந்தது. ஒருவரும் ஒன்றோடொன்றைச் சேர்த்துப் பார்க்கவில்லை.

வைகாசி பிறந்து மாம்பழம் விழத் தொடங்கியதும் இன்னொரு சிக்கல் வந்தது. அணில் கோதின பழம் சுவாமிக்கு ஆகாது, எச்சில். நேர்த்தியால் அது எங்களுக்கும் ஆகாது. அம்மா யோசித்துவிட்டுத் தீர்ப்புச் சொன்னார்: "மாட்டுக்குப் போடு."

எங்கள் சிவப்பிப் பசு கறுத்தக்கொழும்பான் தின்றது. தாடையால் சாறு வழியத் தின்றது. தம்பி கொட்டிலின் கப்புத் தூணைப் பிடித்துக்கொண்டு அதன் வாயையே பார்த்துக்கொண்டு நிற்பான். ஒருநாள் அம்மாவிடம் போய்ச் சொன்னான்: "அம்மா, நான் மாடாய்ப் பிறந்திருக்கலாம்."

அம்மா அவனைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டார். "தேர் முடியட்டும் ராசா" என்றார். ஆனால் மாம்பழம் மாட்டுக்குத்தான் போனது.

தம்பியின் கண்ணை முதலில் கவனித்தது நான். அதைக் குறும்பு என்று நினைத்ததும் நான்தான். அவனுக்கென்று ஒரு சின்ன மூக்குப்பேணி இருந்தது, பித்தளை. பொழுதுபடும் நேரம் பாலை அதில் ஊற்றி வைத்தால் தட்டி ஊற்றிவிடுவான். ஒருநாள், இரண்டு நாள். மூன்றாம் நாள் அம்மா அவன் கையில் அடித்தார். அவன் அழுதுகொண்டு, பேணி இருந்த பக்கம் விட்டு வேறு பக்கம் தடவினான். விளக்கு ஏற்றாத நேரம்தான், ஆனால் வெளியில் மாமரத்து இலைகள் தனித்தனியாக எனக்குத் தெரிந்தன. "விளக்குக் கொளுத்துங்கோ" என்றான். "இப்பவே என்ன விளக்கு?" என்றார் அம்மா.

அடுத்தநாள் பொழுதுபட அவன் முற்றத்தில் ஓடிவந்து நேரே துலாக்கப்பில் மோதி நெற்றி உடைந்தது. கண்ணூறு என்றார் அம்மா. மிளகாயும் உப்பும் சுற்றி அடுப்பில் போட்டார். எல்லோரும் இருமினோம். தம்பி சுவரைப் பிடித்துக்கொண்டு இருமினான்.

மிட்வைவ் மிஸி ஒழுங்கையில் வேறு வீட்டுப் பிள்ளைத்தாய்ச்சியைப் பார்க்கச் சைக்கிளில் வந்தவர். அவன் நெற்றிக் கட்டைப் பார்த்துவிட்டு இறங்கினார். அவன் கண்ணை விரலால் விரித்துப் பார்த்தார். பிறகு மாட்டுக் கொட்டில் இருட்டுக்குள் கூட்டிக்கொண்டு போய், "என்ரை கை எங்கை இருக்கு சொல்லு பாப்பம்" என்றார். அவன் சிரித்துக்கொண்டு வேறெங்கோ காட்டினான். மிஸி சிரிக்கவில்லை.

"சின்னமுத்து வந்த பிள்ளையோ? என்ன சாப்பாடு குடுக்கிறியள்?"

அம்மா சொன்னார். நேர்த்தியையும் சொன்னார், பெருமையோடுதான்.

மிஸி எங்கள் வளவை ஒருதரம் சுற்றிப் பார்த்தார். முருங்கை, பொன்னாங்காணி, பூசணி, பழுத்துக்கொண்டிருந்த பப்பாப்பழம். "அக்கா, மருந்துக்கடையை வளவிலை வைச்சுக்கொண்டு பிள்ளையைக் குருடாக்கப் போறியளோ? சின்னமுத்து உடம்பிலை இருந்த சத்தையெல்லாம் உறிஞ்சிப் போட்டுது. மஞ்சள் பழமும் பச்சை இலையும் போனால்தான் கண் திரும்பும். தேங்காய்ப்பால் விட்டுக் கீரை குடுங்கோ. அடுத்த முறை வரேக்கை குளுசை மருந்து கொண்டு வாறன், ஆனால் அது மட்டும் பாத்துக்கொண்டு இருக்காதேங்கோ. இப்ப பொழுதுபட்டால்தான் தெரியேல்லை. விட்டால் பகலிலையும் தெரியாமல் போம்."

அன்று பின்னேரம் அப்பா வேலையால் வந்து, மிஸி சொன்னதைக் கேட்டதும் நேரே கத்தியை எடுத்துக்கொண்டு கிணற்றடிக்குப் போனார். அம்மா பப்பாமரத்துக்கு முன்னால் போய் நின்றார்.

"விலகும்."

"உயிரைத் தந்தவருக்குக் குடுத்த சொல்லு. மீறினால் திருப்பி எடுத்துப் போடுவார்."

"கண்ணில்லாத உயிரை வைச்சு என்ன செய்யப் போறீர்?"

"உயிர் இருந்தாத்தானே கண்?"

இரண்டு பேரும் அழுதார்கள். அப்பா அழுததை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. கத்தியைக் கிணற்றுக்கட்டில் வைத்துவிட்டு உள்ளே போனார். அம்மா பயந்தது சுவாமிக்கு இல்லை. தம்பி பாயில் கிடந்த அந்த மூன்றாம் நாளுக்கு. என் மகளுக்கு உடம்பு சுடுகிற நேரங்களில் எனக்கு இது விளங்குகிறது. அன்றைக்கு விளங்கவில்லை. அம்மாவில் எனக்குக் கோபம்தான் வந்தது.

சுவாமியிடம் களவெடுத்தால் பாவம் என்று எனக்குத் தெரியும். ஆனால் மாட்டிடம் களவெடுத்தால்?

அடுத்த நாள் விடிய, கடகத்தோடு கிணற்றுக்கட்டில் ஏறி நின்றேன். உடைந்த சிரட்டைத் துண்டின் முனையால், நன்றாக மஞ்சள் விழுந்த பப்பாப்பழத்தில் நாலு கீறல் போட்டேன். சின்னதாக, பக்கத்தில் பக்கத்தில், பல் பட்ட மாதிரி. பால் கசிந்து வழிந்தது. பிறகு, "அம்மா, அணில் கோதிப் போட்டுது" என்று கூப்பிட்டேன். என் குரல் எனக்கே வேறு ஆளின் குரலாகக் கேட்டது.

அம்மா வந்து பார்த்தார். "மாட்டுக்குப் போடு" என்றார்.

கொட்டிலுக்குள் தம்பியைக் கூட்டிக்கொண்டு போனேன். "இது மாட்டின்ரை சாப்பாடு. நீ மாடெண்டால்தான் தருவன்."

அவன் உடனே நாலு காலில் நின்று "ம்மா" என்றான். பழத்தைக் கப்பில் அடித்து உடைத்து, விதையை வழித்து எறிந்துவிட்டு, சதையை விரலால் தோண்டி அவன் வாயில் வைத்தேன். கொட்டிலின் சாண மணமும் பழத்தின் மணமும் சேர்ந்திருந்தது. சிவப்பி எங்களையே பார்த்துக்கொண்டு நின்றது. தோலை அதற்குப் போட்டேன். அது நியாயமாகப்பட்டது. நான் தின்னவில்லை. விரலைக்கூட நக்காமல் தொட்டியில் கழுவினேன். ஒரே ஒரு நாள் நக்கினேன்.

அவன் வெளியில் சொல்லிவிடுவானோ என்று பயந்துகொண்டே இருந்தேன். சொன்னான்தான். "நான் மாடு" என்று அம்மாவிடம் போய்ச் சொன்னான். அம்மா சிரித்து, "என்ரை கண்டுக்குட்டி" என்று கொஞ்சினார். அதோடு போயிற்று.

அந்த வைகாசியில் எங்கள் வளவில் அணில் கூடிவிட்டது. மாம்பழமும் கோதியது, பப்பாப்பழமும் கோதியது, கிணற்றடித் தக்காளியைக்கூட விடவில்லை. வல்லாரையை அணில் தின்னும் என்று அம்மாவை நம்பவைக்க முடியாது என்பதால் அதை மட்டும் கோவிலுக்குப் புறப்படும்போது கடகத்தில் இருந்தே எடுத்து அவனுக்குக் கொடுத்தேன். துப்பிவிட்டான். முருகன் அதைக் கணக்கில் வைக்கவில்லை என்று நினைத்துக்கொண்டேன்.

அம்மா மரத்தில் முள்ளுக் கட்டினார். தகரப் பேணி கட்டினார், காற்றுக்கு அது கிணுங்கியது. ஒருநாள் கீறின பழத்தைக் கையில் வைத்துக்கொண்டு வெயிலைப் பார்த்துச் சொன்னார்: "சுவாமியின்ரை பழத்திலை வாய் வைக்கிற உந்த அணிலின்ரை பல்லெல்லாம் கொட்ட!"

அந்தக் கிழமையே என் கடைவாய்ப் பல் ஒன்று ஆடி விழுந்தது. அந்த வயதில் எல்லாப் பிள்ளைகளுக்கும் விழுகிற பல்தான். எனக்கு அது தெரியவில்லை. பல்லைப் பொத்திக்கொண்டு போய்க் கிணற்றுக்குள் போட்டேன். சாப்பிடும்போது மற்றப் பக்கத்தால் சாப்பிட்டேன். ஆனாலும் அடுத்த நாள் சிரட்டைத் துண்டோடு கிணற்றுக்கட்டில் ஏறினேன். என் வாழ்க்கையில் யோசிக்காமல் துணிந்து செய்த காரியம் அது ஒன்றுதான் என்று நினைக்கிறேன்.

இரண்டு கிழமைக்கு மேல் போயிருக்கும். பொழுதுபடும் நேரம், நாங்கள் முற்றத்தில் இருந்தோம். தம்பி மேலே பார்த்துக் கையை நீட்டினான்.

"அக்கா, வௌவால்!"

மாமரத்துக்கு மேலால் ஒரு வௌவால் பறந்து போனது. பிறகு இன்னொன்று. "அந்தா, அங்காலை ஒண்டு!" அம்மா உள்ளே இருந்து ஓடிவந்தார். மூக்குப்பேணியைத் தூரத்தில் வைத்து, "எடு பாப்பம்" என்றார். அவன் நேரே போய் எடுத்தான். அம்மா நிலத்தில் விழுந்து கும்பிட்டார்.

மிஸியின் குளுசை அதற்குப் பிறகுதான் வந்தது. அது மீனெண்ணெய், தேர் முடியும் மட்டும் வேண்டாம் என்று அம்மா அதைத் தகரத்துக்குள் போட்டு வைத்தார். அப்பா தேரன்றைக்குத் தம்பியைத் தோளில் தூக்கிக்கொண்டு போனார். அடுத்த நாள் எங்கள் வீட்டில் முருங்கையிலை வறை, பூசணிக்காய்ப் பால்கறி, பொன்னாங்காணி, அகத்திப்பூச் சொதி. அப்பா மூன்றுதரம் சோறு போட்டுச் சாப்பிட்டார். அந்தக் கிழமை முழுக்க ரயிலைப் பிடித்தார்.

அம்மா போகிற இடமெல்லாம் சொன்னார்: "சின்னமுத்திலை கண்ணுப் போன பிள்ளை. வளவை முழுக்கச் சுவாமிக்குக் குடுத்தன். கண்ணைத் திருப்பித் தந்தார்." நான் பக்கத்தில் நின்றேன். வாயைத் திறக்கவில்லை. முதலில் அடிக்குப் பயம். பிறகு அம்மாவின் சந்தோசத்தைக் கெடுக்க மனமில்லை. வளர வளர எனக்கே சந்தேகமும் வந்தது. பழம்தானோ? தானாக மாறியதோ? முருகன்தான் அணிலை அனுப்பினாரோ? இப்படியே இருபது வருடத்துக்கு மேல் போய்விட்டது. தம்பி இப்போது கொழும்பில் வரைபடம் கீறுகிற வேலையில் இருக்கிறான். மூக்குப்பேணி எங்கே போனதென்று ஒருவருக்கும் தெரியாது.

இந்த மாதம் நடந்தது இதுதான். எங்கள் ஒழுங்கையில் ஒரு பிள்ளைக்குச் சின்னமுத்து வந்து மாறியது. மூன்று வயது. அதன் தாய் எங்களைப் போல ஒருத்தி. ஆரென்று கேட்காதீர்கள். ஒருநாள் பொழுதுபட நான் அவர்கள் வீட்டுப் பக்கம் போனபோது அந்தப் பிள்ளை படலையின் கொளுக்கியைத் தடவிக்கொண்டு நின்றது. கொளுக்கி அதன் மூக்குக்கு நேரே இருந்தது.

"பழம் ஏதும் குடுக்கிறீரோ?" என்று தாயிடம் கேட்டேன்.

"இல்லையப்பா. உங்கடை அம்மாதானே சொன்னவ, தம்பியின்ரை நேர்த்தியை. நாங்களும் அப்பிடியே வைச்சிருக்கிறம்."

வீட்டுக்கு வந்தேன். அம்மா சுளகில் அரிசி பார்த்துக்கொண்டிருந்தார். என் மகள் பக்கத்தில் இருந்து அரிசியைச் சிந்திக்கொண்டிருந்தாள்.

"அம்மா, தம்பியின்ரை கண் நேர்த்தியாலை மாறேல்லை. அந்த வருசம் பப்பாப்பழத்தை அணில் கோதேல்லை."

"பேந்து ஆர் கோதினது?"

"நான்தான் கீறினனான். சிரட்டையாலை. மாட்டுக்குப் போடேல்லை. தம்பிக்குத் தீத்தினனான்."

அம்மாவின் கை சுளகில் நின்றது. "எல்லாமோ?"

"ரெண்டு மூண்டை மெய்யாய் அணில்தான் கோதினது. மிச்சம் நான்."

கோபிப்பார் என்று நினைத்தேன். அவர் என் வாயைப் பார்த்தார். "நான் அந்த அணிலின்ரை பல்லுக் கொட்ட எண்டெல்லோ திட்டினனான்" என்றார். "உன்னையோ பிள்ளை திட்டினனான்?"

"அது விழுகிற பல்லுத்தானே அம்மா."

"ஏன் இவ்வளவு காலமும் சொல்லேல்லை?"

"நீங்கள் எல்லாருக்கும் சொல்லிச் சந்தோசப்பட்டியள்."

"ஓம்" என்றார். "எல்லாருக்கும் சொன்னன்." பிறகு மெல்ல, "எத்தினை வீட்டுக்குச் சொன்னன்" என்றார். அது கேள்வியில்லை. அந்தப் பிள்ளை படலைக் கொளுக்கியைத் தடவிக்கொண்டு நின்றதைச் சொன்னேன். சுளகைச் சுவரில் சாத்திவிட்டு அவர் எழும்பினார்.

கிணற்றடியில் இப்போது நிற்பது வேறு பப்பாமரம். அம்மா தடியால் தட்டி ஒரு பழத்தை இறக்கினார். நல்ல பழம், ஒரு காயம் இல்லை. "நீயும் வா" என்றார். மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு பின்னால் போனேன். என்ன சொல்லப் போகிறார் என்று எனக்குத் தெரியவில்லை. அவரது வயதுக்கு, அவர் சொன்னது பிழை என்று ஒரு படலையில் நின்று சொல்வது சின்ன விசயமில்லை.

அந்தத் தாய் வெளியில் வந்தாள். பழத்தைக் கண்டு தயங்கினாள். "மாமி, நேர்த்தியெல்லோ? வளவுப் பழமும் இல்லை, வெளிப்பழமும் இல்லை எண்டு நீங்கள்தானே சொன்னியள்."

அவளுடைய முகத்தில் பயம் தெரிந்தது. அந்த மூன்றாம் நாளின் பயம். அம்மாவுக்கு அது தெரியாமல் இருக்குமா? பழத்தைத் திருப்பிப் பார்த்தார். பிறகு பெருவிரல் நகத்தால் அதன் தோலில் நாலு கீறல் போட்டார். சின்னதாக, பக்கத்தில் பக்கத்தில்.

"இது அணில் கோதினது பிள்ளை. சுவாமிக்கு ஆகாது. பிள்ளைக்குக் குடு. இனி எங்கடை வளவிலை ஒவ்வொரு நாளும் அணில் கோதும். நாளைக்கு விடிய என்ரை மோளோடை கிளினிக்குக்கும் போ."

கீறலில் பால் அப்போதுதான் துளிர்த்து வந்தது. அவள் அதைப் பார்த்தாள். அம்மாவின் பெருவிரலைப் பார்த்தாள். உள்ளே பிள்ளை எதையோ தட்டி விழுத்துகிற சத்தம் கேட்டது. அவள் இரண்டு கையையும் நீட்டிப் பழத்தை வாங்கிக்கொண்டாள்.

"ஓம் மாமி," என்றாள். "அணில்தான்."